மார்த்தா ஹென்றி: நடிகையா, இயக்குநரா? (ஸ்ட்ராட்ஃபோர்டில் நாடகம் பார்த்தவர்கள் வாங்க)

கிங்ஸ்ரன்றோட்காரன் எழுதியது:

2021 செப்ரெம்பரில் ஒரு சனிக்கிழமை ரொறன்ரோவிலிருந்து இரண்டு மணி நேரம் கார் ஓட்டிப் போய்ப் பார்த்த நாடகம். கனடாவில் ஒன்ராறியோ மாகாணத்து ஸ்ட்ராட்ஃபோர்டில் ஸ்ரூடியோ தியேட்டர் என்று ஒன்று இருக்கிறது. சின்னது, 260 பேர் வரைக்கும்தான் கொள்ளும். கோவிட் நேரம், இடைவெளி விட்டே உட்கார வைத்தார்கள். எல்லார் முகத்திலும் மாஸ்க்.

நாடகம் எட்வர்ட் ஆல்பியின் 'த்ரீ டால் விமன்'. 92 வயதுக் கிழவி ஒருத்தி, தனக்கு 91தான் என்று அடம்பிடித்துக்கொண்டு, நர்ஸ் மாதிரி ஒரு பெண்ணையும் வக்கீல் ஆபீஸிலிருந்து வந்த இன்னொருத்தியையும் பாடாய்ப் படுத்துவாள். அந்தக் கிழவிதான் மார்த்தா ஹென்றி. சக்கர நாற்காலியில் இருந்தார். அது இயக்குநருடைய யோசனை என்றுதான் நான் நினைத்தேன், பாத்திரத்துக்கு அவ்வளவு பொருந்தியது. பக்கத்தில் இருந்த வெள்ளைக்கார அம்மா சொன்னார்: "ஓகஸ்ட்டில் பார்த்தபோது வாக்கர் பிடித்து நடந்தாரே."

ஒக்ரோபர் 9 கடைசிக் காட்சி. 21ஆம் தேதி அவர் இறந்துவிட்டார், வயது 83. புற்றுநோய். தெரிந்துகொண்டேதான் நடித்திருக்கிறார்.

அப்போதிருந்து அவரைப் பற்றித் தேடித் தேடி வாசிக்கிறேன். எல்லாரும் "பெரிய நடிகை" என்று எழுதிவிட்டு, கடைசி வரியில் "இயக்கவும் செய்தார்" என்று முடிக்கிறார்கள். எனக்கு அது சரியாகப் படவில்லை. பார்த்தவர்கள் சொல்லுங்கோ.

---

மேடைப்புழு_மதுரை எழுதியது:

அண்ணே, நான் நாடகத் துறை மாணவன். இவர் பெயரையே இப்போதுதான் கேட்கிறேன், கொஞ்சம் முதலிலிருந்து சொல்லுங்களேன். அந்த ஊர் மேடை ஏதோ வித்தியாசமானது என்று எங்கள் ஆசிரியர் சொன்ன ஞாபகம்.

---

கிங்ஸ்ரன்றோட்காரன் எழுதியது:

தம்பி, சுருக்கமாகச் சொல்கிறேன்.

பிறந்தது 1938இல் அமெரிக்காவின் டெட்ராயிற்றில். பிறந்த பெயர் மார்த்தா பூஸ். 'ஹென்றி' முதல் கணவர் வழி வந்தது. பிற்ஸ்பர்க்கில் நாடகம் படித்துவிட்டு 1959இல் கனடாவுக்கு வந்தார். 1960இல் மொன்றியலில் தேசிய நாடகப் பள்ளி தொடங்கியது. 1961இல் அதன் முதல் பட்டதாரி இவர்தான். அடுத்த வருடமே ஸ்ட்ராட்ஃபோர்டில் ஷேக்ஸ்பியரின் 'டெம்பெஸ்ட்', அதில் மிராண்டா வேடம். மந்திரவாதி அப்பா ப்ராஸ்பெரோவாக நடித்தது வில்லியம் ஹட். இந்த ஹட் பெயரை ஞாபகம் வைத்துக்கொள், திரும்பத் திரும்ப வருவார்.

ஊரைப் பற்றி: ரயில் எஞ்சின் பழுதுபார்க்கும் பட்டறையை நம்பியிருந்த ஊர். டீசல் வந்ததும் பட்டறைக்கு வேலை போகப்போகிறது. ரொம் பற்றர்சன் என்ற உள்ளூர்ப் பத்திரிகைக்காரருக்கு, ஊர் பெயரோ ஸ்ட்ராட்ஃபோர்டு, ஆறோ ஏவன், பிறகு ஏன் ஷேக்ஸ்பியர் விழா நடத்தக் கூடாது என்று ஒரு கிறுக்கு யோசனை. ஆள் பிடிக்க நியூயோர்க் போக நகரசபையில் 100 டொலர் கேட்டார். 125 கொடுத்தார்கள்! 1953 ஜூலையில் பெரிய கூடாரத்துக்குள் அலெக் கின்னஸ் நடித்த மூன்றாம் ரிச்சர்டோடு விழா தொடங்கியது. நிரந்தரக் கட்டடம் 1957இல்தான்.

மேடை மூன்று பக்கமும் சனத்துக்குள் நீட்டிக்கொண்டிருக்கும். உங்கள் ஊர்க் கூத்துக் களரியில் நிற்கிற மாதிரி. 1,800 பேர் உட்காரலாம், ஆனால் கடைசி வரிசை கூட மேடையிலிருந்து 65 அடிக்குள். எந்த நேரமும் யாரோ ஒருவருக்கு முதுகைக் காட்டித்தான் நிற்க வேண்டும்.

---

கறார்பேர்வழி எழுதியது:

சரி, ஒரு மாற்றுக் கருத்து. இங்கிலாந்து ஊரின் பெயர், இங்கிலாந்து ஆற்றின் பெயர், அதில் நீந்த அன்னப்பறவைகள், மேடையில் இங்கிலாந்து நாடகம். முதல் இயக்குநர் டைரோன் கத்ரியும் இங்கிருந்து போன பிரிட்டிஷ்காரர்தான். இதில் கனடா எங்கே இருக்கிறது? மிஷேல் ட்ரெம்ப்ளே 1968இல் மொன்றியால் தொழிலாளர் வீட்டுப் பெண்களின் கொச்சையை அப்படியே மேடையேற்றினார். டாம்சன் ஹைவே 1986இல் பழங்குடிப் பெண்கள் ஏழு பேரை மேடையில் நிறுத்தினார். கனடிய நாடகம் என்றால் அதைப் பேசுங்கள். மார்த்தா ஹென்றி நல்ல நடிகை, இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் மியூசியத்தின் நல்ல நடிகை.

இன்னொன்று. சாகும் வரை மேடையில் நின்றார் என்பதைப் பெருமையாகப் பேசுவது எனக்கு ஒவ்வாது. பார்க்கிறவனுக்குப் புல்லரிக்கிறது, நோய் அவருடையது.

(நான் இருப்பது மான்செஸ்டரில். "இங்கிருந்து" என்றதைத் தப்பாக எடுத்துக்கொள்ள வேண்டாம்.)

---

வாட்டர்லூ_ராமநாதன் எழுதியது:

இந்த இழையில் நான்தான் வயதில் மூத்தவன் என்று நினைக்கிறேன். 1974இல் முதுகலை படிக்க வாட்டர்லூ வந்தேன். அங்கிருந்து ஸ்ட்ராட்ஃபோர்டு முக்கால் மணி நேரம். 1975இல் அறைத்தோழன் ஒருவன், டிக்கெட் மிச்சம் இருக்கிறது வா என்று இழுத்துக்கொண்டு போனான். 'மெஷர் ஃபார் மெஷர்', ஏவன் தியேட்டரில். ராபின் பிலிப்ஸ் இயக்கம். விழாவை நடத்தும் பொறுப்பில் அவருக்கு அது முதல் பருவம். ஹட்தான் கோமகன், ப்ரையன் பெட்ஃபோர்டு ஆஞ்சலோ, மார்த்தா ஹென்றி இசபெல்லா. கதையை 1912 வாக்கிலான வியன்னாவுக்குக் கொண்டுவந்திருந்தார்கள்.

கதை தெரியாதவர்களுக்கு: இசபெல்லா கன்னியாஸ்திரியாகப் போகிறவள். அவள் அண்ணனுக்கு மரண தண்டனை. தண்டனை கொடுத்த ஆஞ்சலோ, "நீ என்னோடு படுத்தால் அவனை விடுகிறேன்" என்கிறான். கடைசியில் எல்லாம் வெளிச்சத்துக்கு வந்த பிறகு, நியாயம் வழங்க வந்த கோமகனே அவளைக் கல்யாணம் செய்துகொள்ளக் கேட்கிறான். அதற்கு அவள் என்ன சொன்னாள் என்று ஷேக்ஸ்பியர் எழுதவே இல்லை. ஒரு சொல் கூடக் கிடையாது.

எனக்கு அப்போது அந்த இங்கிலீஷ் பாதிதான் புரிந்தது. அதனால்தானோ என்னவோ, வசனமே இல்லாத முடிவு இன்னும் கண்ணில் நிற்கிறது. எல்லாரும் போய்விட்டார்கள். அவர் மட்டும் மேடையில். மெதுவாகத் தலைத்துணியைக் கழற்றினார். அவ்வளவுதான். சம்மதமா, கோபமா, களைப்பா? திரும்பி வரும்போது கார் முழுக்க அதே சண்டை. அறைத்தோழன் சம்மதம் என்றான். நான் இல்லை என்றேன். இன்றைக்கும் இல்லை என்பேன்.

கறார் ஐயா, இதை மியூசியம் என்று எப்படிச் சொல்வீர்கள்?

---

தேன்மொழி_லண்டன் எழுதியது:

லண்டன் என்றால் ஒன்டாரியோவில் இருக்கும் லண்டன். இங்கேயும் ஒரு தேம்ஸ் ஆறு ஓடுகிறது, கறார் சார் சிரிப்பது கேட்கிறது :)

எங்கள் ஊர் கிராண்ட் தியேட்டரின் கலை இயக்குநராக 1988இல் மார்த்தா ஹென்றி பொறுப்பேற்றார். கலை இயக்குநர் என்றதும் சினிமாவில் செட் போடுபவரை நினைத்துக்கொள்ளாதீர்கள். அந்தப் பருவத்துக்கு என்ன நாடகம், யார் இயக்குவது, யார் நடிப்பது, காசு எப்படி ஈடுகட்டுவது எல்லாம் அவர் தலையில். தொண்ணூறுகளின் நடுப்பகுதி வரை இருந்தார். இதை யாரும் பேசுவதில்லை என்பதுதான் என் ஆதங்கம். மேடை நடிகையை எல்லாரும் பார்க்கிறார்கள். சந்தா கட்டும் பார்வையாளர் அடுத்த வருடமும் கட்டுவாரா என்று கணக்குப் பார்க்கும் வேலையை யார் பார்க்கிறார்கள்?

சம்பந்தமில்லாமல் ஒன்று: அந்த அரங்கைக் கட்டிய ஆம்ப்ரோஸ் ஸ்மால் 1919 டிசம்பரில் தன் தியேட்டர்களையெல்லாம் விற்று, பத்து லட்சம் டாலர் காசோலையை வங்கியில் போட்டுவிட்டு அன்றைக்கே காணாமல் போனார். இன்று வரை ஆளும் இல்லை, உடலும் இல்லை. அவர் ஆவி கிராண்டில்தான் சுற்றுகிறது என்று ஊரில் சொல்வார்கள். கலை இயக்குநருக்கு நிர்வாகக் குழு மட்டுமல்ல, பேயும் மேலதிகாரி!

---

மேடைப்புழு_மதுரை எழுதியது:

ஒன்று புரியவில்லை அக்கா. ஸ்ட்ராட்ஃபோர்டில் அவ்வளவு பெரிய நடிகை, அதை விட்டு ஏன் பக்கத்து ஊருக்கு வந்தார்?

---

வாட்டர்லூ_ராமநாதன் எழுதியது:

அதற்கு 1980ஐச் சொல்ல வேண்டும் தம்பி. அந்த வருடக் கடைசியில் எங்கள் பகுதிப் பத்திரிகைகளில் இதே பேச்சுதான்.

ஸ்ட்ராட்ஃபோர்டு விழாவின் கலை இயக்குநராக இருந்த ராபின் பிலிப்ஸ் களைத்துப்போய் விலகினார். அவர் இடத்துக்கு ஒருவரைப் போடாமல் நால்வர் குழுவைப் போட்டார்கள்: மார்த்தா ஹென்றி, ஊர்யோ கரேடா, பாம் பிரைட்டன், பீட்டர் மாஸ். நால்வரும் உட்கார்ந்து 1981 பருவத்தைத் திட்டமிட்டார்கள். நவம்பரில் நிர்வாகக் குழு நான்கு பேரையும் வேலையை விட்டு நீக்கியது. அவர்களுக்குத் தெரியாமல் பின்பக்கமாக ஜான் டெக்ஸ்டர் என்ற பிரிட்டிஷ் இயக்குநரோடு பேசி முடித்திருந்தார்கள்.

பிடித்தது தீ. நடிகர் சங்கம், ஸ்ட்ராட்ஃபோர்டில் வேலை செய்யாதீர்கள் என்றது. குடிவரவு அமைச்சர் லாயிட் ஆக்ஸ்வர்தி டெக்ஸ்டருக்கு வேலை அனுமதி மறுத்தார். நாடகக் கம்பெனிக்கு யார் தலைமை தாங்குவது என்பது மந்திரி மேசை வரை போனது! உறுப்பினர் கூட்டத்தில் ரிச்சர்ட் மோனெட் என்ற நடிகர் எழுந்து நிர்வாகக் குழுத் தலைவரைப் பார்த்து "பன்றி!" என்று கத்தினார். கடைசியில் ஜான் ஹிர்ஷ் என்ற கனடிய இயக்குநரைப் போட்டு ஒப்பேற்றினார்கள்.

மார்த்தா ஹென்றி போய்விட்டார். திரும்பி வந்தது 1994இல். 14 வருடம். அழைத்தவர் யார் தெரியுமா? அந்த வருடம் கலை இயக்குநராகப் பொறுப்பேற்ற ரிச்சர்ட் மோனெட். பன்றி என்று கத்தியவரே!

---

கறார்பேர்வழி எழுதியது:

கதை நன்றாக இருக்கிறது. ஆனால் நிர்வாகக் குழுவை முழு வில்லனாக்க வேண்டாம். நால்வர் சேர்ந்து ஒரு பெரிய அரங்கை நடத்துவது நடக்கிற காரியமா? எங்கள் ஊர்ச் சங்கத்தில் இரண்டு செயலாளர் போட்டே சபை இரண்டாக உடைந்தது. கல்லாவைப் பார்த்துப் பயந்திருப்பார்கள்.

இன்னொரு வேடிக்கையும் உண்டு. "கனடியரைப் போடு" என்று நடந்த போராட்டத்தின் நாயகி அமெரிக்காவில் பிறந்தவர். கரேடா எஸ்டோனியாவில் பிறந்தவர். பிரைட்டன் இங்கிலாந்துக்காரர். தீர்வாக வந்த ஹிர்ஷ் ஹங்கேரியிலிருந்து போரில் குடும்பத்தை இழந்து அநாதையாகக் கனடா வந்தவர்.

---

தேன்மொழி_லண்டன் எழுதியது:

அதுதானே கனடா சார்! நீங்கள் கேட்ட "கனடா எங்கே" என்பதற்கு நீங்களே பதில் எழுதிவிட்டீர்கள். பிறந்த ஊர் எது என்பதல்ல அங்கே சண்டை. இங்கேயே வேலை செய்து இந்த மேடையை வளர்த்தவர்களிடம் ஒரு வார்த்தை கேட்காமல் கப்பலில் ஆள் இறக்குவதுதான் சண்டை. கரேடா அப்புறம் என்ன செய்தார்? டொராண்டோவில் டாரகன் தியேட்டரை 1982 முதல் சாகும் வரை நடத்தினார். புதிய கனடிய நாடகங்களுக்கென்றே இருக்கும் இடம் அது. மியூசியம் துரத்தியதால் மியூசியத்துக்கு வெளியே இரண்டு அரங்குகளுக்கு லாபம்.

நால்வர் குழு விஷயத்தில் உங்களோடு பாதி உடன்படுகிறேன். வேலைக்கு ஆகாது என்று நினைத்தால் ஆகஸ்டிலேயே சொல்லியிருக்க வேண்டும். பருவம் முழுவதையும் திட்டமிட வைத்துவிட்டு நவம்பரில் வெளியே தள்ளுவதற்கு என்ன பெயர்?

---

கறார்பேர்வழி எழுதியது:

அந்தப் பாதியை நானும் ஒப்புக்கொள்கிறேன்.

---

ஒத்திகைச்சீட்டு எழுதியது:

தாமதமாக வருகிறேன். சிறிய குழு ஒன்றில் இயக்குகிறேன், அதனால் தலைப்பில் இருக்கும் கேள்விக்கு மட்டும் வருகிறேன்.

இவர் இயக்கியவற்றின் பட்டியலை அவர் முன்பு நடித்தவற்றுக்குப் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். 1976இல் ஹிர்ஷ் இயக்கிய செக்காவின் 'மூன்று சகோதரிகள்', இவர் ஓல்கா, மேகி ஸ்மித் மாஷா. 2009இல் அதே நாடகம், இயக்கம் மார்த்தா ஹென்றி. 1975 'மெஷர் ஃபார் மெஷர்', ராமநாதன் ஐயா சொன்னது. 2013இல் அதே நாடகம், இயக்கம் மார்த்தா ஹென்றி, இந்தத் தடவை வியன்னா இரண்டாம் உலகப் போர் முடிந்த பிறகு. 38 வருடம் கழித்து அதே பதில் சொல்லாத பெண்ணிடம் திரும்பிப் போயிருக்கிறார்.

இது எனக்குப் பயமாகவும் இருக்கிறது, பொறாமையாகவும் இருக்கிறது. நான் ஒரு முறை நான் நடித்த நாடகத்தையே இயக்கி நாசமாக்கினேன். பெண்ணாக நடித்தவளுக்கு நான் செய்த மூச்சு, நான் செய்த நடை எல்லாவற்றையும் சொல்லிக் கொடுத்துக்கொண்டே இருந்தேன். ஒரு நாள் அவள் பிரதியைக் கீழே வைத்துவிட்டு, "அண்ணா, நீங்களே புடவை கட்டிக்கிட்டு நடிங்க" என்றாள். நடிகர் இயக்குநரானால் வரும் முதல் வியாதி அது. தான் நடித்த வேடத்தை இன்னொருவரிடம் கொடுத்துவிட்டுக் கையைக் கட்டி உட்காரத் தெரிந்தால்தான் அடுத்தடுத்து இயக்கக் கூப்பிடுவார்கள். இவரைக் கூப்பிட்டுக்கொண்டே இருந்திருக்கிறார்கள்: 2014இல் ப்ரெக்டின் 'மதர் கரேஜ்', 2016இல் மில்லரின் 'ஆல் மை சன்ஸ்', 2017இல் 'ட்வெல்த் நைட்', 2019இல் 'எட்டாம் ஹென்றி'. 80 வயதைத் தாண்டியும்.

அதோடு 2007 முதல் 2016 வரை அங்கேயே இளம் நடிகர்களுக்கான பர்மிங்ஹாம் பயிற்சிப் பள்ளியை நடத்தினார். ஆக என் ஓட்டு: இயக்குநர்.

---

வாட்டர்லூ_ராமநாதன் எழுதியது:

என் ஓட்டு நடிகைக்கு. ஓ'நீலின் 'லாங் டேஸ் ஜர்னி இன்டு நைட்', 1994, 95 இரண்டு வருடமும் போட்டார்கள். வீட்டுக்காரியோடு 95இல் போனேன். கணவர் வேடம் மறுபடி ஹட். இயக்கம் டயானா லெப்ளாங்க். அதே குழுவோடு படமாகவும் எடுத்தார்கள், கனடாவின் ஜீனி விருது இவருக்கும் ஹட்டுக்கும் கிடைத்தது. மார்ஃபின் பழக்கத்தில் விழுந்த தாய் வேடம். முன்பு அழகான விரல்கள், இப்போது கீல்வாதம், அதை யாரும் பார்க்கிறார்களோ என்ற கூச்சம். வீட்டுக்காரி நாடகத்தைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. காரில் ஏறியதும் கையுறையைப் போட்டுக்கொண்டாள். ஜூலை மாதம்!

---

மேடைப்புழு_மதுரை எழுதியது:

ஐயா, கையுறை வரி உடம்பைச் சிலிர்க்க வைத்தது.

தேடிப் பார்த்ததில் இன்னொன்று கிடைத்தது. இவருடைய இரண்டாம் கணவர் டக்ளஸ் ரெயின். குப்ரிக்கின் '2001: எ ஸ்பேஸ் ஒடிஸி' படத்தில் பேசும் ஹால் கணினியின் குரல்! அவரும் 1953 முதல் பருவத்திலேயே ஸ்ட்ராட்ஃபோர்டில் நடித்தவராம்.

---

கிங்ஸ்ரன்றோட்காரன் எழுதியது:

நல்லாய்த் தேடுகிறாய் தம்பி.

கறார் அண்ணைக்கு நான் இன்னும் பதில் சொல்லவில்லை, சக்கர நாற்காலி விஷயத்தில். அதற்கு முன் 2018. ஆரம்பத்தில் மிராண்டாவாக வந்தவர், 56 வருடம் கழித்து அதே நாடகத்தில் ப்ராஸ்பெரோ. பெண்ணாகவே, தாயாகவே நடித்தார். இயக்கம் அன்ரோனி சிமொலினோ. மே 28 தொடக்க இரவு. சீமான்கள் சீமாட்டிகள் எல்லாம் கோட்டும் கவுனுமாக வந்து நிற்கிறார்கள். பொலிசுக்கு யாரோ போன் அடித்துக் குண்டு வைத்திருப்பதாகச் சொன்னான். அரங்கைக் காலிசெய்து காட்சியையே ரத்துசெய்தார்கள். குண்டு ஒன்றும் இல்லை. புயலைப் பற்றிய நாடகம், முதல் இரவே அந்தக் கதி. பிறகு எல்லாம் ஒழுங்காக நடந்தது.

அவரோடு 62இல் நடித்த ஹட்டும் 2005இல் ப்ராஸ்பெரோவாக நடித்துத்தான் ஸ்ட்ராட்ஃபோர்டு மேடைக்கு விடை சொன்னார். இவரும் அதோடு நிறுத்தியிருந்தால் எழுதுபவர்களுக்கு எவ்வளவு வசதி! மந்திரக்கோலை முறித்துப் போட்டார், வணக்கம், முடிந்தது. ஆனால் அடுத்த வருடம் 'எட்டாம் ஹென்றி'யை இயக்க வந்துவிட்டார். 2021இல் அந்த அடம்பிடிக்கும் கிழவி. 2018இல் அவருக்கு மகள் மிராண்டாவாக நடித்த மேமி ஸ்வெட்லர்தான் இதில் அந்த வக்கீல் ஆபீஸ் பெண். இயக்கம், ராமநாதன் ஐயா சொன்ன அதே டயானா லெப்ளாங்க். நர்ஸ் மாதிரி வருவது லூசி பீக்கொக், 'ஆல் மை சன்ஸ்'இல் இவர் இயக்கத்தில் நடித்தவர். சுற்றி இருந்த எல்லாரும் வேண்டியவர்கள்.

அண்ணை, நீங்கள் சொன்னது போல நோய் அவருடையது. நடிப்பதா வீட்டில் படுப்பதா என்ற முடிவும் அவருடையதுதானே? நான் பார்த்த அன்று ஒரு இடத்தில் கூட என்னைப் பார்த்துப் பரிதாபப்படு என்று கேட்கவில்லை. அந்தக் கிழவி கஞ்சத்தனமும் கொழுப்பும் பிடித்தவள். சனம் சிரித்துக்கொண்டே இருந்தது. நான் மாஸ்க்குக்குள் சிரித்துச் சிரித்து மூக்குக்கண்ணாடி முழுக்க ஆவி.

---

கறார்பேர்வழி எழுதியது:

சிரித்தீர்கள் என்றால் சரி. அழுதோம் என்று எழுதியிருந்தால் விட்டிருக்க மாட்டேன்.

மியூசியம் என்ற சொல்லை மட்டும் வாபஸ் வாங்க மாட்டேன்.

---

மேடைப்புழு_மதுரை எழுதியது:

கடைசியாக ஒரு கேள்வி. எனக்கு ஆல்பியின் பிரதி நூலகத்தில் கிடைத்தது. இரண்டாம் பாகத்தில் கிழவி பக்கவாதம் வந்து படுக்கையில் கிடக்கிறாள் என்று பார்த்தால், அங்கே கிடப்பது ஒரு பொம்மை, அவள் முகமூடி போட்டது. நிஜ நடிகை இன்னொரு பக்கமிருந்து தெளிவாகப் பேசிக்கொண்டு வருகிறாள். மூன்று பெண்களும் ஒரே பெண், வெவ்வேறு வயதில். அதைத் தமிழில் போடலாமா என்று யோசிக்கிறேன். பொம்மைக்குச் செலவு ஆகும். போர்வைக்குள் தலையணை வைத்து ஒப்பேற்றலாமா?

---

ஒத்திகைச்சீட்டு எழுதியது:

தலையணை வேண்டாம், முதல் வரிசையில் சிரித்துவிடுவார்கள். முகத்துக்கு மட்டும் காகிதக் கூழ் முகமூடி செய், இருநூறு ரூபாய்கூட ஆகாது. உரிமை வாங்கிவிட்டு ஆரம்பி. பெரியவள் வேடத்துக்கு இளம் பெண்ணுக்கு நரை பூசி நிறுத்தாதே. வயதானவரையே தேடு.

---

வாட்டர்லூ_ராமநாதன் எழுதியது:

1975 நிகழ்ச்சிச் சிற்றேடு நிலவறைப் பெட்டியில் எங்கோ இருக்கிறது. கிடைத்தால் படம் எடுத்துப் போடுகிறேன். மகனிடம் கேட்டால் அந்தப் பெட்டியைப் போன வருடமே எறிந்துவிட்டேன் என்கிறான். இறங்கிப் பார்த்துவிட்டு வருகிறேன்.